நூற்பட்டியலும் நம் பெயர்களும்

முன்னுரை

நூல்கள் நிறைந்த அறையெல்லாம் நூலகம் ஆகிவிடாது. கேட்டவர்க்குக் கேட்ட நூலைக் கேட்ட பொழுதில் எடுத்துத் தரக்கூடிய அறையே நூலகம் எனப்படும். மளிகைக் கடைக்காரருக்கு எந்த டப்பாவில் எது இருக்கிறது என்பது மனப்பாடம். அவர் வெளியூர் சென்ற நாளில் கடையில் நிற்பவரோ கடுகைத் தேடிக் கால்மணி நேரம் தடுமாறுவார். நூறு டப்பாக்களுக்கே இந்நிலை என்றால் நூறாயிரம் நூல்களுக்கு என்ன ஆகும்? ஒருவருடைய நினைவை நம்பி நூலகம் நடக்க இயலாது. எழுதி வைத்த பட்டியல் வேண்டும். அந்தப் பட்டியலை இன்று ஒருவரும் நாளை வேறொருவரும் எழுதுவர். இருவரும் ஒரே வகையாக எழுத வேண்டுமானால் விதிகள் வேண்டும்.

தேசிய நூலக வாரம் ஆண்டுதோறும் நவம்பர் 14 முதல் 20 வரை கொண்டாடப்படுகிறது. அதனையொட்டிப் பத்தாம் வகுப்பு மாணவியராகிய நாங்கள், நூலகப் பொறுப்பேற்றுள்ள அருட்சகோதரி அவர்களின் துணையோடு, பள்ளியின் தமிழ் நூல் அலமாரி ஒன்றை எடுத்துக்கொண்டு பட்டியல் அட்டைகள் எழுதிப் பழகினோம். எளிய வேலை என்று தோன்றும். ஆயினும் பத்து நூல்களை எடுப்பதற்குள் பத்து வினாக்கள் எழுந்தன. அவற்றுள் பெரும்பாலானவை பெயரைப் பற்றியவை. அவ்வினாக்களுக்கு அறிஞர்கள் கண்ட விடைகளையே இக்கட்டுரையில் தொகுத்துத் தருகிறோம்.

பட்டியலின் மூன்று பணிகள்

அமெரிக்க நூலகர் சார்லஸ் அம்மி கட்டர் என்பவர் 1876ஆம் ஆண்டு நூற்பட்டியல் விதிகளை வெளியிட்டார். பட்டியல் எதற்காக என்பதை அவர் தெளிவாக வரையறுத்தார். நூலின் ஆசிரியரை மட்டும் அறிந்தவர், தலைப்பை மட்டும் அறிந்தவர், பொருளை மட்டும் அறிந்தவர் ஆகிய மூவரும் தத்தமக்கு வேண்டிய நூலைக் கண்டடைய வேண்டும். இது முதற்பணி. ஓர் ஆசிரியர் எழுதியவற்றில், அல்லது ஒரு பொருளைப் பற்றியவற்றில், நூலகத்தில் உள்ளவை யாவை என்று ஒருசேரக் காட்டுவது இரண்டாம் பணி. ஒரே நூலுக்குப் பல பதிப்புகள் இருப்பின் எது தமக்கு ஏற்றது என்று தேர்ந்துகொள்ள உதவுவது மூன்றாம் பணி.

இதற்காகவே ஒரு நூலுக்கு ஒன்றுக்கு மேற்பட்ட அட்டைகள் எழுதப்பட்டன. ஏறத்தாழ 12.5 செ.மீ. நீளமும் 7.5 செ.மீ. உயரமும் உள்ள கெட்டி அட்டைகள் அவை. அடிப்பக்கத்தில் ஒரு துளை இருக்கும். இழுப்பறையின் கம்பி அத்துளை வழியே செல்வதால் அட்டை கீழே விழாது, இடமும் மாறாது. நம் பெற்றோர் பலர் கல்லூரி நாட்களில் இந்த இழுப்பறைகளைப் புரட்டியிருப்பார்கள்.

பிற நாடுகளில் விதிகள் வளர்ந்த வரலாறு

பிரெஞ்சுப் புரட்சியின்போது துறவற மடங்களிலிருந்தும் பிரபுக்களின் மாளிகைகளிலிருந்தும் எண்ணற்ற நூல்களை அரசு கைப்பற்றியது. அவற்றுக்குப் பட்டியல் எழுத 1791இல் விதிகள் வகுக்கப்பட்டன. அட்டைக்கு எங்கே போவது? சீட்டாட்டச் சீட்டுகளை எடுத்து, வெறுமையாக இருந்த பின்பக்கத்தில் எழுதினார்களாம்! மடங்களின் நூல்கள் சீட்டுக்கட்டின் முதுகில் ஏறியதை எண்ணி எங்கள் வகுப்பே சிரித்தது. எனினும் நாடு முழுவதற்கும் ஒரே விதி என்ற எண்ணம் அங்கே தோன்றியதை மறுக்க இயலாது.

அடுத்து நினைவுகூரத் தக்கவர் அந்தோனியோ பனிஸி. இத்தாலியிலிருந்து அரசியல் காரணமாக வெளியேறி, இங்கிலாந்தில் அடைக்கலம் புகுந்து, பிரிட்டிஷ் மியூசியத்தில் பணி ஏற்றவர். அவருடைய 91 விதிகள் 1841இல் அச்சாயின. ஒரு நூலின் பெயரை எழுதிக்கொள்ள 91 விதிகளா என்று கற்றவர்களே குறை கூறினார்கள். 1847இல் அமைக்கப்பட்ட விசாரணைக் குழுவின் முன் அவர் விளக்கம் அளிக்க நேர்ந்தது. எளிய முறையே போதும் என்று வாதிட்ட ஓர் எழுத்தாளர், 25 நூல்களுக்குத் தாமே பட்டியல் எழுதிக் காட்டினார். ஆராய்ந்து பார்த்தபோது அந்தச் சிறு பட்டியலில் பிழைகள் மலிந்து கிடந்தன. விதிகள் ஏன் வேண்டும் என்பதற்கு அதைவிட நல்ல சான்று பனிஸிக்குத் தேவைப்படவில்லை.

பின்னர் 1908இல் அமெரிக்கரும் ஆங்கிலேயரும் கூடிப் பொது விதித்தொகுதி ஒன்றை உருவாக்கினர். 1961இல் பாரிஸ் மாநகரில் 53 நாடுகளின் நூலகர்கள் கூடி அடிப்படைக் கொள்கைகளை வகுத்தனர். அதன் வழியில் 1967இல் ஆங்கில அமெரிக்க விதிகளும், 1978இல் அவற்றின் இரண்டாம் பதிப்பும் வந்தன. கணிப்பொறிக் காலத்திற்கு ஏற்ப 2010இல் ஆர்.டி.ஏ. என்னும் புதிய விதித்தொகுதி வெளிவந்தது.

இவ்வரலாற்றில் ஒரு மாற்றத்தை மட்டும் மறவாது குறித்துக்கொள்ளுங்கள். 1908ஆம் ஆண்டு விதிகளின்படி, புனைபெயரில் எழுதுபவரின் இயற்பெயர் தெரிந்தால் அதன்கீழ்தான் எழுத வேண்டும். பாரிஸ் கொள்கையோ, நூல்களில் பெரும்பாலும் எப்பெயர் காணப்படுகிறதோ அப்பெயரையே எடு என்றது. பழைய விதிப்படி கல்கியின் நூல்களைக் 'கிருஷ்ணமூர்த்தி, ரா.' என்ற பெயரில் தேட வேண்டியிருக்கும். புதிய விதிப்படி 'கல்கி' என்றே தேடலாம். பட்டியல் எழுதுபவரின் புலமை முக்கியமா, தேடி வருபவரின் வசதி முக்கியமா என்ற கேள்விக்கு உலகம் இரண்டாவதையே விடையாகத் தேர்ந்தது.

தமிழ் நூல்களும் பட்டியல்களும்

தமிழில் சொற்களை அகர வரிசையில் நிறுத்திப் பொருள் காட்டும் வழக்கத்திற்கு அடிகோலியவர் இயேசு சபைத் துறவி வீரமாமுனிவர். அவருக்கு முன் இருந்த நிகண்டுகள் செய்யுளால் ஆனவை. மனப்பாடம் செய்தவருக்கே பயன்படுபவை. 1732இல் அவர் இயற்றிய சதுரகராதி, பெயர், பொருள், தொகை, தொடை என நான்கு பகுதிகளாக அமைந்தது. மனப்பாடம் இல்லாதவரும் தாமே தேடிக் காணலாம் என்ற வாய்ப்பு அதனால் பிறந்தது. அகர வரிசைப் பட்டியலின் உயிரும் அதுவேயன்றோ?

அச்சான தமிழ் நூல்களுக்கு 1865இல் ஜான் மர்டாக் என்னும் ஸ்காட்லாந்துப் பாதிரியார் சென்னையில் பொருள்வாரியாக ஒரு பட்டியல் வெளியிட்டார். 1867ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அச்சாகும் நூல்களைப் பதிவு செய்யும் முறை ஏற்பட்டது. பிரிட்டிஷ் மியூசியத்தில் உள்ள தமிழ் நூல்களின் பட்டியலைப் பார்னெட் என்பவரும், திருக்குறளை ஆங்கிலத்தில் தந்த ஜி.யு. போப் அவர்களும் தொகுக்க, அது 1909இல் வெளிவந்தது.

அந்த இலண்டன் பட்டியலில் தமிழ்ப் பெயர்கள் ரோமன் எழுத்தில் இடம்பெற்றன. ரோமன் எழுத்தில் நம் ல, ள, ழ மூன்றுக்கும் தனித்தனி எழுத்து இல்லை. எழுத்தின்கீழ்ப் புள்ளியும் கோடும் இட்டே வேறுபடுத்த வேண்டும். அவற்றை விட்டுவிட்டால் வலி, வளி, வழி மூன்றும் ஒன்றாகிவிடும். நம் மொழிக்கு நம் எழுத்திலேயே பட்டியல் வேண்டும் என்பதை இதிலிருந்து உணரலாம்.

கணித ஆசிரியர் நூலகத் தந்தை ஆனது

சீர்காழியில் 1892ஆம் ஆண்டு பிறந்த எஸ்.ஆர். ரங்கநாதன் அவர்கள் சென்னை மாநிலக் கல்லூரியில் கணிதம் கற்பித்து வந்தார். 1924 ஜனவரியில் சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதல் நூலகராக நியமிக்கப்பட்டார். தொடக்கத்தில் அப்பணி அவருக்குப் பிடிக்கவில்லை. மீண்டும் வகுப்பறைக்கே அனுப்பிவிடுங்கள் என்று கேட்டுக்கொண்டாராம். எனினும் இலண்டன் சென்று நூலகக் கலை பயின்றபின் அவர் உள்ளம் மாறிற்று. அங்கே ஒரு கடையில் மெக்கானோ என்னும் விளையாட்டுப் பொருளைக் கண்டார். சில துண்டுகளைத் திருகாணியால் இணைத்துப் பற்பல பொம்மைகள் செய்வதைப் பார்த்ததும், நூற்பொருளையும் இவ்வாறே சிறு கூறுகளாகப் பிரித்து இணைக்கலாமே என்று சிந்தித்தார். அதன் பயனே 1933இல் வெளிவந்த கோலன் பகுப்பு முறை.

அடுத்த ஆண்டே, அதாவது 1934இல், பட்டியல் எழுதுவதற்குரிய விதித்தொகுதியையும் அவர் வெளியிட்டார். சென்னைப் பல்கலைக்கழக நூலகமே அவருக்குச் சோதனைச் சாலையாயிற்று. மற்ற நாட்டு விதிகளில் முதன்மை அட்டை பெரும்பாலும் ஆசிரியர் பெயரோடு தொடங்கும். ரங்கநாதன் விதியிலோ நூலின் அழைப்பு எண்ணோடு தொடங்கும். இதனால் ஒரே பொருளைப் பற்றிய அட்டைகள் அருகருகே அமைகின்றன. ஆசிரியர், தலைப்பு முதலியவற்றை அறிந்து வருபவர்க்குத் தனியே அகர வரிசைப் பகுதி உண்டு. ஒரு பெரிய நூலுக்குள் அடங்கிய பகுதிக்கும் அட்டை எழுத வேண்டும் என்பது இவ்விதிகளின் மற்றொரு சிறப்பு.

இத்தனைக்கும் அடிப்படை 1931இல் அவர் வெளியிட்ட நூலக ஐந்து விதிகள். நூல் பயன்படுவதற்கே உரியது, ஒவ்வொரு வாசகருக்கும் அவருக்குரிய நூல் உண்டு, ஒவ்வொரு நூலுக்கும் அதற்குரிய வாசகர் உண்டு, வாசகரின் நேரத்தைக் காக்க வேண்டும், நூலகம் வளரும் உயிர் என்பவை அவற்றின் சாரம். நான்காம் விதியைக் கூர்ந்து நோக்குங்கள். நூலகர் தம் நேரத்தைச் செலவிட்டுப் பட்டியல் எழுதுவது வாசகர் நேரத்தைக் காப்பதற்காகவே. ஒருவர் ஒருமுறை பாடுபட்டால் ஆயிரம் பேர் ஆயிரம் முறை பயன் பெறுவர்.

அவர் முயற்சியாலும் அன்றைய கல்வி அமைச்சர் தி.சு. அவினாசிலிங்கம் அவர்களின் ஆதரவாலும் 1948இல் சென்னைப் பொது நூலகச் சட்டம் நிறைவேறியது. நம் ஊர்க் கிளை நூலகங்கள் அச்சட்டத்தின் கனிகளே. ரங்கநாதன் அவர்கள் 1972இல் மறைந்தார். அவர் பிறந்த நாளாகக் கொள்ளப்படும் ஆகஸ்டு 12, நூலகர் தினமாகப் போற்றப்படுகிறது.

ஆண்டாளுக்கு எத்தனை அட்டைகள்?

இனி நம் ஊர்ப் பக்கம் வருவோம். ஸ்ரீவில்லிபுத்தூரில் ஆண்டாள் பெயரை அறியாதவர் இல்லை. ஆனால் அவர் நூலுக்கு அட்டை எழுதும்போது, ஆண்டாள் என்று எழுதுவதா, கோதை என்று எழுதுவதா, சூடிக்கொடுத்த நாச்சியார் என்று எழுதுவதா? ஒரு பதிப்பின் முகப்பில் ஒரு பெயரும், மற்றொன்றில் வேறு பெயரும் இருக்கும். கண்டபடி எழுதினால் ஒருவருடைய நூல்கள் மூன்று இழுப்பறைகளில் சிதறிவிடும்.

விதி இதற்கு அழகான விடை தருகிறது. மிகவும் அறியப்பட்ட ஒரு பெயரைத் தலைப்பாகக் கொள். மற்றப் பெயர்களைத் தள்ளிவிடாதே. அவற்றுக்கும் அட்டை எழுதி, வழி காட்டு.

கோதை
காண்க: ஆண்டாள்

சூடிக்கொடுத்த நாச்சியார்
காண்க: ஆண்டாள்

இந்தச் சிறு அட்டைக்குக் 'காண்க' அட்டை என்று பெயர். எப்பெயரை அறிந்து வந்தாலும் ஒருவரும் வெறுங்கையோடு திரும்பாதபடி காக்கும் அட்டை இது.

அவ்வாறே பெரியாழ்வாருக்கு விட்டுசித்தர், பட்டர்பிரான் என்ற பெயர்கள் உண்டு. இங்கே இன்னொரு சிக்கலும் இருக்கிறது. பாரதம் பாடிய வில்லிபுத்தூரார் நம் ஸ்ரீவில்லிபுத்தூரில் பிறந்தவர் அல்லர். அவர் ஊர் திருமுனைப்பாடி நாட்டுச் சனியூர். பெரியாழ்வாரின் நினைவாக அப்பெயர் அவருக்கு இடப்பட்டது என்பர். ஒருவருக்குப் பல பெயர் இருந்தால் ஒன்று சேர்க்க வேண்டும். ஒரே பெயர் போல் தோன்றும் இருவரைப் பிரித்துக் காட்ட வேண்டும். பட்டியல் விதிகளின் பெரும்பகுதி இவ்விரண்டு வேலைகளுக்காகவே உள்ளது.

திருப்பாவை தனி நூலாகவும் கிடைக்கும், நாலாயிர திவ்வியப் பிரபந்தத்தின் உள்ளேயும் இருக்கும். தனிப் பதிப்பு இரவல் போயிருந்தால் வாசகர் ஏமாந்து போக வேண்டுமா? பெரிய நூலுக்குள் இன்ன பக்கத்தில் அது இருக்கிறது என்று காட்டும் அட்டை அப்போது கை கொடுக்கும். ரங்கநாதன் வற்புறுத்திய பகுதி அட்டையின் அருமை இங்கே விளங்குகிறது.

கத்தோலிக்க நூல்களிலும் இதே நிலையைக் காண்கிறோம். வீரமாமுனிவருக்குக் கான்ஸ்டன்டைன் ஜோசப் பெஸ்கி என்பது இயற்பெயர், தைரியநாதர் என்பது மற்றொரு பெயர். அவருக்கு எழுதும் முதன்மை அட்டை இவ்வாறு அமையும்:

வீரமாமுனிவர், 1680–1747
சதுரகராதி

மற்ற இரு பெயர்களுக்கும் 'காண்க' அட்டைகள் எழுத வேண்டும். அடைப்பில் இடாமல் ஆண்டுகளைப் பக்கத்தில் எழுதுவது ஏன் என்று கேட்கலாம். மூன்று தெரசாக்களை எண்ணிப் பாருங்கள். அவிலா நகரத்துப் புனித தெரசா 1515 முதல் 1582 வரை வாழ்ந்தவர். குழந்தை இயேசுவின் புனித தெரசா 1873 முதல் 1897 வரை வாழ்ந்தவர். கொல்கத்தா புனித அன்னை தெரசா 1910 முதல் 1997 வரை வாழ்ந்தவர். ஊரும் ஆண்டும் இல்லையேல் மூவரும் ஒருவராகிவிடுவர்.

தலைப்பெழுத்தில் அடங்கிய செய்தி

ஆங்கிலேயர் பெயரில் கடைசிச் சொல் குடும்பப் பெயர். ஆகவே வில்லியம் ஷேக்ஸ்பியரை 'ஷேக்ஸ்பியர், வில்லியம்' என்று மாற்றி எழுதுகிறார்கள். அவ்விதியை அப்படியே தமிழுக்குப் பொருத்தினால் என்ன நேரும்? உ.வே. சாமிநாத ஐயரை 'ஐயர், உ.வே. சாமிநாத' என்று எழுத நேரும். அவ்வாறே எல்லாப் பிள்ளைகளும், எல்லா முதலியார்களும், எல்லா நாடார்களும் ஒரே இழுப்பறையில் குவிந்துவிடுவார்கள். சாமிநாத ஐயரைத் தேடுபவர் 'சா' என்ற எழுத்தில்தான் தேடுவாரேயன்றி 'ஐ' என்ற எழுத்தில் தேடமாட்டார்.

தமிழர் பெயரில் முன்னால் நிற்கும் எழுத்துகள் ஊரையோ தந்தையையோ குறிக்கும். உ.வே.சா. என்பதில் உகரம் உத்தமதானபுரம், வேகாரம் தந்தையார் வேங்கடசுப்பையர். எஸ்.ஆர். ரங்கநாதன் என்பதில் எஸ் என்பது சீர்காழியாகிய ஷியாழி, ஆர் என்பது ராமாமிர்தம். ஆகவே ஒருவருக்கே உரிய சொந்தப் பெயரை முதலில் எழுதி, தலைப்பெழுத்துகளைப் பின்னால் எழுத வேண்டும் என்று ரங்கநாதன் விதித்தார். ஒருவர் பெயரில் எச்சொல்லை முதலில் வைப்பது என்பதை அவரவர் நாட்டு வழக்கப்படியே முடிவு செய்ய வேண்டும் என்று 1961ஆம் ஆண்டுப் பாரிஸ் கொள்கையும் ஏற்றுக்கொண்டது. குடும்பப் பெயர் இல்லாத தமிழ், தெலுங்கு, கன்னட, மலையாளப் பெயர்களைச் சொந்தப் பெயரின்கீழ் எழுதலாம் என்று 1978ஆம் ஆண்டு விதிகளும் கூறின.

ராஜபாளையத்தில் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு இருக்கிறது. 1949 முதல் 1952 வரை சென்னை மாகாணத்தின் முதலமைச்சராக விளங்கியவரும், தம் இல்லத்தையே காந்தி கலை மன்றத்திற்கு அளித்தவருமான பி.எஸ். குமாரசாமி ராஜா அவர்களின் முழுப்பெயர் பூசபாடி சஞ்சீவி குமாரசாமி ராஜா. இதில் பூசபாடி என்பது வீட்டுப் பெயர், சஞ்சீவி என்பது தந்தையார் பெயர். முதற்சொல்லை எடுத்தால் அவர் 'பூ'வில் இருப்பார், கடைசிச் சொல்லை எடுத்தால் 'ரா'வில் இருப்பார். ஊர் மக்கள் தேடுவதோ 'கு'வில்! ஆகவே,

குமாரசாமி ராஜா, பி.எஸ்., 1898–1957

என்று எழுதுவதே பொருத்தம். மற்ற இரண்டுக்கும் 'காண்க' அட்டை எழுதலாம்.

பெண்களின் பெயர்

தோழியரே, நம்மைப் போன்ற பெண் பிள்ளைகள் சிந்திக்க வேண்டிய ஒன்றை இங்கே கூற விரும்புகிறோம். ஆண்மகனின் தலைப்பெழுத்து வாழ்நாள் முழுவதும் மாறுவதில்லை. பெண்களுள் பலருக்குத் திருமணத்திற்குப் பின் தந்தையின் எழுத்து போய்க் கணவரின் எழுத்து வந்துவிடுகிறது. ஒருத்தி இளமையில் ஒரு நூலும், மணமான பின் மற்றொரு நூலும் எழுதினால் பட்டியலில் அவள் இரண்டு பெண்களாக ஆகிவிடக்கூடும். துறவறம் மேற்கொள்ளும்போது புதுப்பெயர் ஏற்ற அருட்சகோதரியருக்கும் இது பொருந்தும்.

புகழ்பெற்ற நாவலாசிரியை வை.மு. கோதைநாயகி அம்மாள் 1901 முதல் 1960 வரை வாழ்ந்தவர். ஆண்டாளின் பெயரைத் தாங்கிய அவருடைய வை.மு. என்னும் எழுத்துகள் கணவர் வை.மு. பார்த்தசாரதியின் குடும்ப வழியாக வந்தவை. சாகித்திய அகாதெமி பரிசு பெற்ற ராஜம் கிருஷ்ணன் பெயரில் கிருஷ்ணன் என்பது கணவர் பெயர். ஆங்கில முறைப்படி கடைசிச் சொல்லை எடுத்து 'கிருஷ்ணன், ராஜம்' என்று எழுதினால், எழுதியவரை அவர் கணவர் பெயரில்தான் தேட வேண்டும். நம் முறைப்படி எழுதினால் ராஜம் என்ற தம் பெயரிலேயே அவர் நிற்பார். மருத்துவராகிய திரிபுரசுந்தரி, லக்ஷ்மி என்ற புனைபெயரில் எழுதினார். அப்பெயரை லக்ஷ்மி என்றும் லட்சுமி என்றும் இருவகையாக எழுதுகிறோம். 'காண்க' அட்டை இல்லையென்றால் ஒருவகையாகத் தேடியவர் மற்றொரு வகையில் உள்ள நூல்களைக் காணாமலே போவார்.

விதி என்றதும் கட்டுப்பாடு என்று எண்ணுகிறோம். இங்கே விதி ஒரு பெண்ணின் உழைப்பைச் சிதறவிடாமல் காக்கிறது. பழைய பெயரிலிருந்து புதிய பெயருக்கும், புதிய பெயரிலிருந்து பழைய பெயருக்கும் வழி காட்டி, இவை யாவும் ஒருத்தி எழுதியவையே என்று சாட்சி சொல்கிறது. அட்டைகள் எழுதியபோது எங்கள் உள்ளத்தில் ஆழப் பதிந்த பாடம் இதுவே.

ஊருக்கும் பெயர் மாறும்

மனிதர்க்கு மட்டுமன்று, ஊர்களுக்கும் மாவட்டங்களுக்கும் பெயர் மாறுகிறது. ஸ்ரீவில்லிபுத்தூரில் 1875இல் தொடங்கப்பெற்ற பென்னிங்டன் நூலகம், அன்றைய திருநெல்வேலி கலெக்டர் பென்னிங்டன் துரையின் பெயரைத் தாங்கியது. அப்போது ஸ்ரீவில்லிபுத்தூர் திருநெல்வேலி மாவட்டத்தைச் சேர்ந்தது. 1910இல் இராமநாதபுரம் மாவட்டம் உருவானபோது அதில் சேர்ந்தது. 1985இல் காமராசர் மாவட்டம் ஆயிற்று. இப்பொழுது விருதுநகர் மாவட்டம். ஊர் இருந்த இடத்திலேயே இருக்க, அதன் வரலாறு நான்கு பெயர்களின்கீழ் எழுதப்பட்டிருக்கிறது! நம் ஊரின் பழைய செய்தியைத் தேடுபவர் திருநெல்வேலி நூல்களையும் இராமநாதபுரம் நூல்களையும் பார்க்க வேண்டும் என்று நல்ல பட்டியல் அவருக்கு நினைவூட்டும்.

பொருளால் தேடுதல்

ஆசிரியரும் தெரியாது, தலைப்பும் தெரியாது, பொருள் மட்டும் தெரியும் என்பவருக்கு எது வழி? எவ்வளவு குறிப்பான பொருளோ அவ்வளவு குறிப்பான தலைப்பின்கீழ் எழுது என்பது கட்டர் காட்டிய நெறி. ஸ்ரீவில்லிபுத்தூர் மலையில் வாழும் சாம்பல்நிற மலை அணிலைப் பற்றிய நூலை 'விலங்குகள்' என்ற தலைப்பில் எழுதினால் யானைக்கும் புலிக்கும் நடுவில் அணில் மறைந்துபோகும். 'மலை அணில்' என்றே எழுத வேண்டும்.

மெல்வில் டியூயி என்பவர் 1876இல் வெளியிட்ட தசமப் பகுப்பில் ஒவ்வொரு பொருளுக்கும் எண் உண்டு. அணில் இனத்திற்கு 599.36 என்ற எண். நாய்க்கு 636.7 என்ற எண். இரண்டும் விலங்குகளே, ஏன் தொலைவில் நிற்கின்றன? அணிலை விலங்கியலார் ஆராய்கின்றனர், ராஜபாளையம் நாயையோ மனிதர் வீட்டில் வளர்க்கின்றனர். ஆகவே நாய் கால்நடை வளர்ப்புப் பகுதிக்குச் சென்றுவிட்டது. நம் பகுதிக்கு வாழ்வளிக்கும் பருத்தியும் அவ்வாறே. வயலில் விளையும் பருத்திக்கு 633.51, ஆலையில் நெய்யும் பருத்திக்கு 677.21. உழவர் ஓர் அலமாரிக்கும், மில் தொழிலாளர் மற்றோர் அலமாரிக்கும் செல்ல வேண்டும். இருவருக்கும் 'பருத்தி' என்ற ஒரே சொல்லால் வழி காட்டுவது பட்டியலின் கடமை.

கணிப்பொறி வந்த பின்னர்

அட்டைகளின் காலம் பெரும்பாலும் முடிந்துவிட்டது. உலகின் பல நூலகங்களுக்கு அட்டை அச்சிட்டுக் கொடுத்த அமெரிக்க நிறுவனமான ஓ.சி.எல்.சி. 2015இல் அப்பணியை நிறுத்தியது. 2010இல் சென்னையில் திறக்கப்பட்ட அண்ணா நூற்றாண்டு நூலகத்திலும், 2023இல் மதுரையில் திறக்கப்பட்ட கலைஞர் நூற்றாண்டு நூலகத்திலும் கணிப்பொறி வழியே நூலைத் தேடலாம். அப்படியானால் விதிகள் எதற்கு என்று சிலர் கேட்கக்கூடும்.

கணிப்பொறி, தட்டிய எழுத்தைத் தேடித் தரும். தட்டாத பெயரைத் தானாக அறியாது. ஆண்டாளும் கோதையும் ஒருவரே என்று யாரேனும் அதற்குச் சொல்லிக் கொடுத்திருக்க வேண்டும். அகர வரிசையிலும் இப்படியே. நம் இலக்கண வரிசையில் ற, ன இரண்டும் மெய்யெழுத்துகளின் கடைசியில் வரும். கணிப்பொறிக்கு எழுத்துகளை எண்ணாக்கித் தந்த யூனிகோடு முறையிலோ, ந வுக்கு அடுத்து ன வும், ர வுக்கு அடுத்து ற வும் நிற்கின்றன. எண் வரிசையை அப்படியே பின்பற்றினால் நம் அகராதி வரிசை கிடைக்காது. தமிழ் வரிசையைத் தனி விதியாகக் கொடுத்தால்தான் சரியாக அடுக்கும். 'ஸ்ரீ' என்று தொடங்கும் தலைப்புகளையும் 'திரு' என்று தொடங்கும் தலைப்புகளையும் எவ்வாறு இணைப்பது என்பதும் மனிதர் வகுக்க வேண்டிய விதியே.

முடிவுரை

செட்டிநாட்டுக் கோட்டையூரில் ரோஜா முத்தையா என்பவர் வாழ்நாளெல்லாம் பாடுபட்டுத் தமிழ் நூல்களையும் இதழ்களையும் சேர்த்தார். 1992இல் அவர் மறைந்தபின் சிகாகோ பல்கலைக்கழகத்தின் துணையால் அச்சேகரிப்பு காக்கப்பட்டு, 1994இல் சென்னையில் அவர் பெயரால் ஆராய்ச்சி நூலகம் அமைந்தது. அங்கே நூல்கள் ஒவ்வொன்றாகப் பட்டியலிடப்பட்ட பிறகே உலகெங்குமுள்ள ஆய்வாளர்க்கு அவை பயன்படலாயின. சேர்ப்பது பாதி வேலை, சேர்த்ததைத் தேடிக் காணச் செய்வது மறுபாதி வேலை. நூலகத்தில் நூல் இருந்தும் பட்டியலில் இல்லையென்றால், தேடி வந்தவருக்கு அது இல்லாத நூலே.

பெயர் தெரியாத வாசகர் ஒருவருக்காக, என்றோ ஒருநாள் வரப்போகும் மாணவி ஒருத்திக்காக, இன்றே பொறுமையோடு ஒரு வரி எழுதி வைப்பவர் பட்டியலாளர். அவர் பெயர் அட்டையில் இராது. நூலகத்திற்குள் செல்லும்போது அந்த உழைப்பை நாம் மதிப்போமாக. எடுத்த நூலை எடுத்த இடத்திலேயே வைப்போமாக. நம் வீட்டில் உள்ள பத்து நூல்களுக்கேனும் ஒரு நோட்டில் ஒழுங்காகப் பட்டியல் எழுதிப் பார்ப்போமாக.

தங்கையருக்குச் சில பயிற்சிகள்

1. உங்கள் முழுப்பெயரில் ஊர், தந்தையார் பெயர், சொந்தப் பெயர் ஆகியவற்றைப் பிரித்து, பட்டியல் தலைப்பாக எழுதுக.

2. கல்கி, புதுமைப்பித்தன் ஆகியோரின் இயற்பெயர்களுக்குக் 'காண்க' அட்டைகள் எழுதுக.

3. உங்கள் பாட்டியின் பெயர் திருமணத்திற்கு முன்னும் பின்னும் எவ்வாறு எழுதப்பட்டது என்று கேட்டறிக. இரண்டையும் இணைக்கும் அட்டை எழுதுக.

4. நற, நன, நல, நர என்ற எழுத்துகளில் தொடங்கும் சொற்களுக்குத் தலைக்கு ஒன்று எழுதி, தமிழ் அகராதி வரிசையில் அடுக்குக.